வாடகை வீடும் விசாரணைச் சீட்டும்

(மதுக்கரையில் ஆலைத் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் மத்தியில் பேசியதன் எழுத்து வடிவம்)



இன்று நாம் கூலி உயர்வு பற்றிப் பேசக் கூடவில்லை. போனஸ் பற்றியும் அல்ல. அவற்றைப் பற்றிப் பேச நாளும் இடமும் நமக்கு உண்டு. இன்று பேசப் போவது, ஷிப்டு முடிந்து போய்ப் படுப்பதற்கு ஒரு கூரை தேடி அலைகிறோமே, அந்த அலைச்சலைப் பற்றி.

நம் சங்கத்துத் தோழர் ஒருவர் இருக்கிறார். பெயர் வேண்டாம், இங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். நூற்பாலையில் இருபது வருஷ வேலை. குடியிருந்த வளவை இடித்துவிட்டு மாடி கட்டப் போகிறேன் என்று வீட்டுக்காரர் சொல்லிவிட்டார். அவர் வீடு, அவர் கட்டுகிறார். அதில் நமக்கு வழக்கில்லை. ஆனால் வேறு வீடு தேடி இந்தத் தோழர் மரப்பாலத்திலிருந்து மலுமிச்சம்பட்டி வரைக்கும் சைக்கிளில் அலைந்தார். ஏழு வீடு பார்த்தார். ஏழு இடத்திலும் ஆதார் நகல் கொடுத்தார். ரேஷன் கார்டு நகல், குடும்பப் போட்டோ, மில் அடையாள அட்டையின் நகல், எல்லாம் கொடுத்தார். ஏழு இடத்திலும் முதலில் சம்பளம் எவ்வளவு என்று கேட்டார்கள். அடுத்து, 'நீங்க என்ன ஆளுங்க?' என்று கேட்டார்கள். கடைசியில் 'விசாரிச்சுட்டுச் சொல்றமுங்க' என்றார்கள். என்ன விசாரித்தார்கள், யாரிடம் விசாரித்தார்கள் என்பது அவருக்குத் தெரியாது. ஆறு இடத்திலிருந்து பதிலே வரவில்லை. ஏழாவது வீட்டில், 'எங்களுக்கு ஒண்ணுமில்லீங்க, பக்கத்து வீட்டுக்காரங்கதான் ஒத்துக்க மாட்டேங்கறாங்க' என்று பதில் வந்தது. ஒவ்வொரு வீட்டுக்கும் அரை நாள் கூலி போயிற்று. கொடுத்த நகல்களில் ஒன்றாவது திரும்பி வந்ததா என்று கேட்டோம். அவர் சிரித்தார். இன்று அவருடைய ஆதார் நகல் ஏழு பேர் வீட்டு மேஜைக்குள்ளே கிடக்கிறது.

இந்தக் கதை அவர் ஒருவருடையது அல்ல. கை தூக்கச் சொன்னால் இங்கே பாதிக் கைகள் எழும்பும்.

இந்த அலைச்சலுக்கு ஒரு பரிகாரம் இருக்கிறது என்று இப்போது உலகத்தில் பேசுகிறார்கள். ஒவ்வொரு வீட்டுக்காரரும் தனித்தனியே விசாரிப்பானேன்? குடியிருக்க வருகிறவர் ஒரே ஒரு தடவை விசாரணைக்கு உட்படட்டும். அந்த விசாரணையின் முடிவு ஒரு சீட்டாக அவர் கையிலேயே இருக்கட்டும். எத்தனை வீடு பார்த்தாலும் அந்த ஒரே சீட்டைக் காட்டட்டும். இதுதான் யோசனை. கேட்பதற்கு நியாயமாகவே இருக்கிறது. நல்லதா கெட்டதா என்று ஒரே வார்த்தையில் எங்களால் சொல்ல முடியவில்லை. அதனால்தான் கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம் என்று வந்திருக்கிறோம்.

இந்த யோசனை பிறந்த இடம் அமெரிக்கா. அங்கே வீடு கேட்டுப் போனால் முதலில் விண்ணப்பக் கட்டணம் கட்ட வேண்டும். வீட்டுக்காரர் அந்தப் பணத்தை ஒரு விசாரணைக் கம்பெனிக்குக் கொடுப்பார். அந்தக் கம்பெனி, இந்த ஆள் கடனை ஒழுங்காகக் கட்டினாரா, கோர்ட்டில் வழக்கு உண்டா, முன்பு குடியிருந்த வீட்டைக் காலி செய்யச் சொல்லி யாராவது வழக்குப் போட்டார்களா என்று துருவி எழுதிக் கொடுக்கும். வீடு கிடைக்காவிட்டாலும் கட்டணம் திரும்பாது. பத்து வீட்டுக்கு விண்ணப்பித்தால் பத்துத் தடவை தண்டம். வீடே இல்லாதவனிடம் வீடு தேடுவதற்கே வரி வசூலிக்கும் சாமர்த்தியம் அது! அங்குள்ள குடியிருப்போர் சங்கங்கள் இதை எதிர்த்துக் குரல் எழுப்பின. நியூயார்க் மாநிலத்தில் 2019இல் சட்டம் வந்தது: கட்டணம் 20 டாலருக்கு மேல் கூடாது, கடந்த 30 நாளுக்குள் எடுத்த விசாரணை அறிக்கையின் நகலைக் குடியிருக்க வருபவரே கொடுத்தால் அந்தக் கட்டணமும் கூடாது. கலிபோர்னியாவில் 2022இல் ஒரு சட்டம் செய்து 2023 ஜனவரி முதல் அமல்படுத்தினார்கள். அதன்படி, பலமுறை பயன்படும் அறிக்கையை ஏற்றுக்கொள்ளும் வீட்டுக்காரர் அதற்காகத் தனிக் கட்டணம் வாங்கக் கூடாது. ஆனால் ஏற்றுக்கொள்வதா வேண்டாமா என்பது வீட்டுக்காரர் இஷ்டம்! கதவைத் திறப்பது உன் விருப்பம், திறந்தால் மட்டும் காசு கேட்காதே என்கிற மாதிரியான சட்டம். கொலராடோ மாநிலம் 2023இல் இன்னும் ஒரு படி மேலே போய், சில விலக்குகள் தவிர, வீட்டுக்காரர் ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்று விதித்தது.

சரி, அந்த அறிக்கையில் எழுதியிருப்பது உண்மையா? இங்கேதான் விஷயம் இருக்கிறது. டிரான்ஸ்யூனியன் என்று ஒரு பெரிய கம்பெனி. குடியிருப்போர் பற்றிய அறிக்கைகளில், வீட்டைக் காலி செய்யச் சொல்லிப் போட்ட வழக்குகளைப் பிழையாகப் பதிவு செய்து கொடுத்தது என்று அமெரிக்க அரசின் இரண்டு துறைகள் குற்றம் சாட்டின. 2023 அக்டோபரில் அந்தக் கம்பெனி ஒன்றரைக் கோடி டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டது. தள்ளுபடியான வழக்கைத் தள்ளுபடி என்று எழுதாமல் விட்டால் அந்தக் குடும்பம் என்ன ஆகும்? ஒரு வீட்டுக்காரர் தவறாக நினைத்தால் ஒரு வீடு போகும். ஒரு சீட்டில் தவறாக எழுதப்பட்டு, அதே சீட்டு ஊரெல்லாம் சுற்றினால், ஊரில் உள்ள அத்தனை வீடும் போகும். ஒரே சீட்டு என்கிற ஏற்பாட்டின் வசதியும் அதுதான், ஆபத்தும் அதுதான்.

நம் பக்கத்துக்கு வருவோம். இங்கே விசாரணைக் கம்பெனிகள் மதுக்கரைக் குடியிருப்புகள் வரைக்கும் வந்து சேரவில்லை. இங்கே விசாரிப்பவர்கள் மூன்று பேர். வீட்டுக்காரரின் மைத்துனர் ஒருவர், ஒரு மாத வாடகையைக் கமிஷனாக வாங்கிக்கொள்ளும் புரோக்கர் ஒருவர், மூன்றாவது போலீஸ்.

போலீஸ் எப்படி உள்ளே வந்தது? 2012 பிப்ரவரியில் சென்னை வேளச்சேரியில் ஒரு வாடகை வீட்டில் ஐந்து பேரைப் போலீசார் சுட்டுக் கொன்றார்கள். இரண்டு வங்கிக் கொள்ளைகளில் சந்தேகிக்கப்பட்டவர்கள் அவர்கள், வடமாநிலத்தவர். சம்பவம் நடந்த கையோடு, வீட்டுக்காரர்கள் குடியிருப்போரின் விவரங்களைப் படத்துடன் காவல் நிலையத்தில் கொடுக்க வேண்டும் என்று சென்னைப் போலீஸ் உத்தரவு போட்டது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 144ஆம் பிரிவு. மீறினால் தண்டனைச் சட்டத்தின் 188ஆம் பிரிவு. ஊர்வலத்தையும் மறியலையும் தடுக்க நம் மீது ஏவப்பட்ட அதே 144தான்! அவசர நிலைமைக்காக இரண்டு மாதம் மட்டும் நீடிக்கக் கூடிய உத்தரவு அது. கோடிக்கணக்கான ஜனங்கள் வாடகைக்குக் குடியிருப்பது எந்த விதத்தில் அவசர நிலைமை? 2024 ஜூலை முதல் தேதியிலிருந்து சட்டப் புத்தகத்தின் பெயர் மாறிவிட்டது, 144 என்பது 163 ஆகிவிட்டது. எண்தான் மாறியிருக்கிறது.

கோவைக்கும் இதில் ஒரு சரித்திரம் உண்டு. 1997 நவம்பரில் நடந்த கலவரத்தையும், 1998 பிப்ரவரி 14 அன்று நடந்த குண்டுவெடிப்புகளையும் இந்த ஊர் மறக்கவில்லை. அந்தக் குண்டுகளுக்கு 58 உயிர்கள் பலியாயின. அதைச் செய்தவர்கள் யாருக்கும் நண்பர்கள் அல்ல. ஆனால் அதற்குப் பிறகு, பஞ்சாலையில் கோன் சுற்றும் முஸ்லிம் தொழிலாளியும், மரக்கடையில் மூட்டை தூக்கும் முஸ்லிம் தொழிலாளியும், தங்கள் பேட்டைக்கு வெளியே வாடகைக்கு வீடு கேட்டபோது என்ன பதில் கிடைத்தது என்பதை அவர்களிடமே கேளுங்கள். 2022 அக்டோபர் 23 அன்று உக்கடம் கோட்டை ஈஸ்வரன் கோவில் அருகே கார் வெடித்தது. மறுபடியும் அதே பேச்சு, அதே சந்தேகப் பார்வை. பயந்த வீட்டுக்காரருக்கு ஒரு சாக்கு வேண்டும். 'போலீஸ் விசாரணை' என்கிற சாக்கு கிடைத்துவிடுகிறது. சாதி கேட்பதையும் மதம் கேட்பதையும் பாதுகாப்பு என்று சொல்லிவிடலாம் அல்லவா?

வீட்டுக்காரர்கள் எல்லோரையும் ஒரே மூட்டையில் கட்டி எதிரி என்று சொல்ல நாங்கள் வரவில்லை. மதுக்கரையில் நாலு லைன் வீடு கட்டி விட்டிருப்பவர்களில் பலர் யார்? சிமெண்ட் ஆலையிலும் மில்லிலும் வேலை செய்து ஓய்வு பெற்று, பிராவிடண்டு பணத்தைப் போட்டு வீடு கட்டியவர்கள். மாதம் வரும் வாடகைதான் அவர்களுக்குப் பென்ஷன். மூன்று மாதம் வாடகை தராமல் ஒருவர் ராத்திரியோடு ராத்திரியாகச் சாமானை ஏற்றிக்கொண்டு போய்விட்டால் அவர்களுக்கு அது பெரிய அடிதான். அவர்களுக்குத் தெரிய வேண்டியது இரண்டே விஷயம்: வருகிறவர் சொல்கிற ஆள்தானா, வாடகையை ஒழுங்காகக் கொடுப்பாரா? நியாயமான கேள்விகள். இந்த இரண்டுக்கும் பதில் சொல்ல எந்தக் குடியிருப்பவரும் தயங்க மாட்டார். இதற்கு மேலே கேட்கிற ஒவ்வொன்றும் வேறு எதற்காகவோ கேட்கப்படுகிறது.

இப்போது சீட்டு விஷயத்துக்கு வருவோம். தமிழ்நாடு காவல்துறை, கட்டணம் கட்டி விண்ணப்பித்தால் சரிபார்த்துச் சான்று தரும் ஏற்பாடு ஒன்றை வைத்திருக்கிறது. வேலைக்குச் சேர்பவர், வீட்டு வேலை செய்பவர், வாடகைக்கு வருபவர், எல்லோரையும் அதில் சரிபார்க்கலாம். 'ஒரு தடவை இதை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், எங்கே போனாலும் காட்டலாம்' என்று நம்மிடம் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். நல்ல எண்ணத்தோடுதான் சொல்கிறார்கள். ஆனால் அந்தச் சரிபார்ப்பில் முதலில் பார்ப்பது என்ன? வழக்கு இருக்கிறதா என்று.

தோழர்களே, இங்கே உட்கார்ந்திருப்பவர்களில் வழக்கு இல்லாதவர் எத்தனை பேர்? கூலி கேட்டு மில் வாசலில் நின்றால் வழக்கு. குடிதண்ணீர் வரவில்லை என்று காலிக்குடத்தோடு பாலக்காடு ரோட்டில் உட்கார்ந்தால் வழக்கு. சட்டவிரோதமாகக் கூடினார், வழியை மறித்தார், உத்தரவை மீறினார் என்று மூன்று பிரிவுகளை வரிசையாக எழுதி, மண்டபத்தில் வைத்துச் சாயங்காலம் விடுவித்துவிடுகிறார்கள். நாமும் கோஷம் போட்டுக்கொண்டே வீட்டுக்கு வந்துவிடுகிறோம். ஆனால் அந்த முதல் தகவல் அறிக்கை கம்ப்யூட்டருக்குள் உட்கார்ந்திருக்கிறது. மகனுக்கு வேலைக்குச் சான்று கேட்கும்போது எழுந்து வருகிறது. நாளைக்கு வீட்டுக்கும் அதே சான்று என்றால் அங்கேயும் எழுந்து வரும். 'வழக்கு நிலுவையில் உள்ளது' என்கிற ஒரு வரி. அது கொலை வழக்கா, குடிதண்ணீர் வழக்கா என்று எந்த வீட்டுக்காரர் நிதானமாகப் படித்துப் பார்க்கப் போகிறார்?

சின்னியம்பாளையம் இங்கிருந்து எத்தனை தூரம்? ரங்கவிலாஸ் மில் தொழிலாளர்கள் ராமையன், வெங்கடாசலம், சின்னையன், ரங்கண்ணன் ஆகிய நால்வரை 1946 ஜனவரி 8 அன்று கோவைச் சிறையில் தூக்கிலிட்டார்கள். ஒவ்வொரு வருஷமும் அந்த நாளில் நாம் செங்கொடி தாழ்த்தி நிற்கிறோம். அந்த நால்வரைப் பற்றி வெள்ளைக்காரன் போலீசு வைத்திருந்த பதிவேட்டைப் புரட்டினால் என்ன எழுதியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பதிவேடு எழுதுகிறவன் கையில் இருக்கும் பேனாவைப் பொறுத்தது அது.

ஒரு மனிதனைப் பற்றிய சீட்டை அவனோடு ஊர் ஊராக அனுப்புவது தமிழனுக்குப் புதிது அல்ல. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்கு நம் ஜனங்களைக் கங்காணிகள் கூட்டிக்கொண்டு போன காலத்தில் 'துண்டு' என்று ஒரு சீட்டு இருந்தது. இன்ன கங்காணியின் ஆட்களுக்கு இவ்வளவு கடன் இருக்கிறது, அதைக் கட்டினால் இவர்களை விடுவிக்கிறோம் என்று தோட்டத்துரை எழுதிக் கொடுப்பான். அதைத் தூக்கிக்கொண்டு கங்காணி அடுத்த தோட்டத்துக்குப் போவான். அந்தத் துரை கடனைக் கட்டி ஆட்களை எடுத்துக்கொள்வான். சீட்டு தோட்டம் தோட்டமாகப் போயிற்று; கடனும் கூடவே போயிற்று, ஏறிக்கொண்டே போயிற்று. யாரைப் பற்றி எழுதியிருக்கிறதோ அவன் அதைப் படித்ததும் இல்லை, கையில் வைத்திருந்ததும் இல்லை. 1921இல் சட்டம் போட்டுத்தான் அந்தத் துண்டு முறையை ஒழித்தார்கள்.

இந்தப் பக்கம் மதுரைச் சீமையில் 'ராதாரிச் சீட்டு'. குற்றப்பரம்பரைச் சட்டத்தின் கீழ் கொண்டுவரப்பட்ட கள்ளர் சமூகத்து ஏழை விவசாயி ஊரை விட்டு இரவு வெளியே தங்க வேண்டுமென்றால் இந்தச் சீட்டு கையில் இருக்க வேண்டும். போன ஊரிலும் காட்ட வேண்டும். பிறந்த சாதியே குற்றத்துக்கு அத்தாட்சி! கைரேகை வைக்க மாட்டோம் என்று பெருங்காமநல்லூர் ஜனங்கள் எதிர்த்து நின்றபோது, 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டுப் பலரைக் கொன்றது. சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் 1947இல்தான் ஒழிந்தது.

பழங்கதையை எதற்கு இழுக்கிறீர்கள் என்று கேட்கலாம். காரணம் இருக்கிறது. அந்தச் சீட்டுகளும் 'பலமுறை பயன்படும்' சீட்டுகள்தான். அவற்றில் என்ன எழுதுவது என்பதை நம்மவன் தீர்மானிக்கவில்லை. தவறு இருந்தால் திருத்தச் சொல்ல அவனுக்கு வழி இல்லை. ஆகவே ஒரே சீட்டு என்று கேட்டவுடன் கைதட்டவும் வேண்டாம், கல்லெறியவும் வேண்டாம். யார் எழுதுகிறார், என்ன எழுதுகிறார், யார் கையில் இருக்கிறது, இந்த மூன்றையும் கேட்போம்.

எங்கள் அபிப்பிராயத்தைச் சொல்கிறோம். சீட்டு வேண்டும், ஆனால் அது காவல் நிலையத்திலிருந்து வர வேண்டியதில்லை. அதற்கு வேறு இடம் ஏற்கெனவே சட்டத்தில் இருக்கிறது. 1960ஆம் வருஷத்து வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தை எடுத்துவிட்டு, 2017இல் ஒரு புதிய சட்டம் நிறைவேற்றி, 2019 பிப்ரவரி 22 முதல் தமிழ்நாட்டில் அமலில் இருக்கிறது. அந்தச் சட்டத்தைப் பற்றி நமக்கு ஆயிரம் குறைகள் உண்டு. நியாய வாடகை நிர்ணயிக்கும் பழைய ஏற்பாட்டை அது கைவிட்டுவிட்டது. அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் கூடாது என்று ஒரு வரியில் சொல்லிவிட்டு, வேறு விதமாக ஒப்பந்தம் இருந்தால் தவிர என்று அதே வரியில் கதவையும் திறந்து வைத்திருக்கிறது. பத்து மாத அட்வான்ஸ் கேட்கும் ஊரில், வீடு கிடைக்காதா என்று தவிக்கிறவன் எந்த ஒப்பந்தத்தில்தான் கையெழுத்துப் போட மாட்டான்?

இருந்தாலும் அந்தச் சட்டத்தில் நமக்குப் பிடித்துக்கொள்ள இரண்டு கொம்புகள் உண்டு. ஒன்று, வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும், அதற்கு ஒரு பதிவு எண் உண்டு. இரண்டு, வாடகை வாங்கியதற்கு ரசீது கொடுக்க வேண்டும். இந்த இரண்டையும் வைத்தே நாம் சொல்லும் சீட்டை உண்டாக்கிவிடலாமே! இன்னார் இன்ன வீட்டில் இந்தத் தேதி முதல் இந்தத் தேதி வரை குடியிருந்தார், வாடகை பாக்கி இல்லை. இவ்வளவுதான். வாடகை அதிகாரி அலுவலகம் இலவசமாகக் கொடுக்கட்டும். சாதி இல்லை, மதம் இல்லை, பிறந்த மாநிலம் இல்லை, என்ன சாப்பிடுவார் என்பதும் இல்லை. தண்டனை பெறாத எந்த வழக்கின் பேச்சும் அதில் வரக் கூடாது. குடியிருப்பவர் அதை முதலில் படித்துப் பார்க்க வேண்டும். பிழை இருந்தால் திருத்தச் சொல்ல உரிமை வேண்டும். அவர் காட்டினால் வீட்டுக்காரர் பார்க்கலாம், பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். கலிபோர்னியா மாதிரி 'இஷ்டமிருந்தால் ஏற்றுக்கொள்' என்று விடாமல், ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்று எழுத வேண்டும்.

ஆதார் நகலைப் பற்றி ஒரு வார்த்தை. எண்ணில் கடைசி நாலு இலக்கம் மட்டும் தெரியும்படியான நகலை ஆதார் அமைப்பே தருகிறது. 2022 மே மாதத்தில், கண்ட இடத்தில் நகல் கொடுக்காதீர்கள், அந்த மறைத்த நகலைக் கொடுங்கள் என்று ஓர் அறிவிப்பும் வந்தது. இரண்டே நாளில், ஜனங்கள் தவறாகப் புரிந்துகொள்வார்கள் என்று சொல்லி அதை வாபஸ் வாங்கிவிட்டார்கள். அறிவிப்பு போனாலும் மறைத்த நகல் எடுக்கும் வசதி போகவில்லை. வீடு பார்க்கப் போகிறவர்கள் அதையே எடுத்துப் போங்கள்.

விசாரணை என்று ஆரம்பித்தால் அது ஒரு பக்கமாகவே ஏன் நிற்க வேண்டும்? நாமும் விசாரிக்க வேண்டாமா? காலி செய்யும்போது சுவரில் ஆணி அடித்தாய், பெயிண்டு போயிற்று என்று சொல்லி அட்வான்சில் பாதியைப் பிடித்துக்கொண்டவர் யார்? கரண்டு யூனிட்டுக்கு வாரியம் வாங்குவதைப் போல் இரண்டு மடங்கு வாங்குகிறவர் யார்? வாடகை தாமதமானால் தண்ணீர்க் குழாயை மூடுகிறவர் யார்? குழாயை மூடுவதை அந்த 2017ஆம் வருஷச் சட்டமே தடை செய்திருக்கிறது. குடியிருப்பவருக்குச் சீட்டு என்றால் வீட்டுக்காரருக்கும் ஒரு சீட்டு இருக்கட்டும்! போன குடியிருப்பாளருக்கு அட்வான்ஸ் முழுதும் திருப்பிக் கொடுத்தார் என்று அதில் எழுதியிருக்கட்டும். பார்த்துவிட்டு நாமும், 'விசாரிச்சுட்டுச் சொல்றமுங்க' என்று சொல்லலாம். (சிரிப்பு)

விவசாயத் தொழிலாளர் தோழர்கள், இது டவுன்காரர் சமாசாரம் என்று நினைத்துக்கொண்டு பின்னால் உட்கார்ந்திருக்கிறீர்கள். உங்களுக்குத்தான் இது மற்ற எல்லோரையும் விட அதிகம் உறைக்கும். தோட்டத்துச் சாளையில் குடியிருக்கிறீர்கள். வாடகை கிடையாது, ஆகவே ரசீது கிடையாது, ஒப்பந்தம் கிடையாது. பண்ணையம் பார்க்கிற வரைக்கும் சாளை உண்டு. கூலி பற்றி ஒரு வார்த்தை கூடப் பேசினால் வேலையும் போகும், சாளையும் போகும். அன்றைக்குச் சட்டிபானையைத் தூக்கிக்கொண்டு மதுக்கரைக்கோ குறிச்சிக்கோ வந்து வீடு கேட்டால், 'இதுக்கு முன்னாடி எங்க குடியிருந்தீங்க? யாரைக் கேட்கலாம்?' என்பார்கள். யாரைக் காட்டுவீர்கள்? துரத்திவிட்ட தோட்டக்காரரையா? இருபது வருஷம் ஓர் இடத்தில் குடியிருந்தும் குடியிருந்ததற்குச் சாட்சி இல்லாத ஜனங்கள் நீங்கள்.

1971இல் ஒரு சட்டம் வந்தது. அந்த வருஷம் ஜூன் 19 அன்று விவசாயத் தொழிலாளி எந்தக் குடியிருப்பு மனையில் குடியிருந்தாரோ அந்த மனை அவருக்கே சொந்தம் என்றது. போராடிப் பெற்ற சட்டம் அது. தஞ்சையில் அதனால் மனை பெற்றவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அந்தத் தேதிக்குப் பிறகு சாளைக்குக் குடிவந்தவர்களுக்கு அது உதவாது. ஆகவே ஊராட்சியோ கிராம நிர்வாக அலுவலரோ, இன்னார் இன்ன வருஷம் முதல் இங்கே குடியிருக்கிறார் என்று எழுதிக் கொடுக்கும் ஏற்பாடு உங்களுக்கு வேண்டும். வாடகைக்காரரின் சீட்டுக்குச் சமமான மதிப்பு அதற்கு இருக்க வேண்டும். இதை நம் கோரிக்கையில் இரண்டாவதாக அல்ல, முதலாவதாகவே எழுத வேண்டும் என்பது எங்கள் யோசனை.

கடைசியாக வடக்கிலிருந்து வந்திருக்கும் தோழர்கள். பவுண்டரியில், நூற்பாலையில், கட்டட வேலையில், பீகாரிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் அசாமிலிருந்தும் வந்தவர்கள். ஒரே அறையில் பலர் தலைமாடும் கால்மாடுமாகப் படுத்திருக்கிறார்கள். ஆளுக்கு இவ்வளவு என்று தலைக்கணக்கில் வாடகை வசூல். ஒப்பந்தம் யார் பெயரில்? காண்டிராக்டர் பெயரில். அவர்களுடைய அடையாளச் சீட்டுகளின் நகல் யாரிடம்? அதுவும் காண்டிராக்டரிடம். வேலையை விட்டால் அறையும் இல்லை. தோட்டத்துச் சாளைக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளிகளை அடிக்கிறார்கள் என்று பொய்ப் படங்களைப் பரப்பினார்கள். பீகாரிலிருந்து அதிகாரிகள் கோவைக்கும் திருப்பூருக்கும் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். அப்போது நம் தொழிலாளிகள் அவர்களுக்குத் தைரியம் சொன்னார்கள். அது நல்லது. ஆனால் அதே நாம், பக்கத்து வளவுக்கு ஒரு வடநாட்டுக் குடும்பம் வருகிறது என்றால் வீட்டுக்காரரிடம் போய் முணுமுணுக்கிறோம். 'பக்கத்து வீட்டுக்காரங்க ஒத்துக்க மாட்டேங்கறாங்க' என்று நம் மில் தோழருக்குப் பதில் சொன்னார்களே, அந்தப் பக்கத்து வீட்டுக்காரரும் ஒரு தொழிலாளிதான் என்று பிறகு கேள்விப்பட்டோம். இதைச் சொல்ல எங்களுக்கே வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் சொல்லாமல் விட முடியாது.

இனி நடக்க வேண்டிய காரியத்தைப் பார்ப்போம். கோரிக்கை மனு எழுதிக் கோட்டாட்சியருக்குக் கொடுப்பது ஒரு வேலை, அது நடக்கட்டும். அது வரைக்கும் சும்மா இருக்க வேண்டியதில்லை. இந்த மாதத்திலிருந்து ஒவ்வொருவரும் வாடகை கொடுக்கும்போது ரசீது கேளுங்கள். தர மறுத்தால் சண்டை வேண்டாம். வாடகையைப் போன் மூலமோ வங்கி மூலமோ அனுப்புங்கள், கணக்கு அதுவே சொல்லும். பையில் வாடகைப் பணம் என்று ஒரு வார்த்தை எழுதி வையுங்கள். ஒப்பந்தம் இல்லாமல் குடியிருப்பவர்கள் வீட்டுக்காரரோடு பேசி எழுதிக்கொள்ளுங்கள். கூடப் பேச ஆள் வேண்டுமானால் சங்கத்திலிருந்து வருகிறோம். மறியல் வழக்கில் பெயர் இருக்கிறவர்கள், அந்த வழக்கு இன்னும் நிலுவையில் இருக்கிறதா, முடிந்துவிட்டதா என்று தெரிந்துகொள்வது அவசியம். பலருக்கு வழக்கு எப்போதோ முடிந்திருக்கும். கம்ப்யூட்டருக்கு மட்டும் அது தெரிந்திருக்காது. சங்கத்தின் வக்கீல் தோழர்கள் பார்த்துச் சொல்வார்கள்.

வரும் ஞாயிற்றுக்கிழமை காலையில் சங்க ஆபீசில் ஒரு நோட்டு வைத்திருப்போம். எந்த வளவு, எத்தனை வருஷம், எவ்வளவு வாடகை, எவ்வளவு அட்வான்ஸ் என்று நாமே நம்முடைய கணக்கை எழுதிக்கொள்ளலாம். ரசீது உள்ளவர்கள் கொண்டு வாருங்கள். சாளையில் இருப்பவர்கள் ரசீது இல்லையே என்று வராமல் இருந்துவிட வேண்டாம். பக்கத்துச் சாளைக்காரர் ஒருவரைக் கூட்டிக்கொண்டு வாருங்கள், அவர் சாட்சி சொல்லட்டும். ஆதார் நகல் மட்டும் எங்களுக்கு வேண்டாம்.